மரபணு நம்மைப் பற்றி என்ன சொல்கிறது? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

"தாயைப் போல பிள்ளை, நூலைப் போல சேலை" என்பது பழமொழி. "ஐந்தில் வளையாதது ஐம்பதில் வளையுமா" என்பதும் பழமொழிதான். முதலாவது பிறப்பின் பக்கம் நிற்கிறது, இரண்டாவது வளர்ப்பின் பக்கம். இரண்டையும் ஒரே நாளில் ஒரே வாயால் சொல்லிவிட்டுப் போகிறோம். மரபியல் வந்த பிறகுதான் இந்த இரண்டுக்கும் நடுவே என்ன நடக்கிறது என்பதை ஓரளவு அளந்து பார்க்க முடிந்தது.

நான் பல வருடங்களாக உயிரியல் சொல்லிக்கொடுக்கிறேன். வகுப்பு முடிந்து எல்லாரும் போன பிறகு மேசைப் பக்கம் வந்து மெல்லிய குரலில் கேட்கப்பட்டவைதான் கீழே உள்ள கேள்விகளில் பெரும்பாலானவை. பாடத்தில் சந்தேகம் போலத் தொடங்கும். இரண்டு நிமிடத்தில் அது அவர்கள் வீட்டைப் பற்றிய கேள்வி என்று தெரிந்துவிடும். அதனால்தான் இவற்றுக்கு அவசரமாகப் பதில் சொல்ல எனக்கு மனம் வருவதில்லை.

மரபணு என்பது சரியாக என்ன?

நம் உடலின் ஏறக்குறைய எல்லா செல்களிலும் டி.என்.ஏ. இருக்கிறது. ஒரு முழுத் தொகுப்பு என்பது சுமார் 300 கோடி எழுத்துகள். எழுத்து வகை நான்கே நான்கு: ஏ, டி, ஜி, சி. அம்மாவிடமிருந்து ஒரு தொகுப்பு, அப்பாவிடமிருந்து ஒரு தொகுப்பு. இந்த நீண்ட சரத்தில் ஒரு புரதத்தை எப்படிச் செய்ய வேண்டும் என்ற குறிப்பைத் தாங்கிய பகுதியை மரபணு என்கிறோம்.

மனிதனின் முழு டி.என்.ஏ. தொகுப்பையும் (அதன் பெயர் ஜீனோம்) எழுத்து எழுத்தாக வாசிக்க 1990-ல் தொடங்கி 2003-ல் முடிந்த மனித ஜீனோம் திட்டத்துக்கு முன்பு, மனிதனுக்கு 1 லட்சம் மரபணு இருக்கும் என்று பலரும் நினைத்தார்கள். எண்ணி முடித்தபோது புரதம் செய்பவை சுமார் 20,000 என்று தெரிந்தது. மண்ணில் வாழும் ஒரு மில்லிமீட்டர் நீளப் புழுவுக்கும் கிட்டத்தட்ட அவ்வளவுதான்! ஒரு குணத்துக்கு ஒரு மரபணு என்று பங்குபோட நினைத்தவர்களுக்கு அந்த எண் போதவில்லை. மரபணு செய்வது புரதத்தை. பொறாமையையோ பாசத்தையோ அது நேரடியாகச் செய்வதில்லை. இடையில் செல், மூளை, வீடு, தெரு, காலம் என்று எத்தனையோ இருக்கின்றன.

குணம் பிறவியிலேயே வருவதா, வளர்ப்பில் வருவதா?

இரண்டிலும். இது மழுப்பல் பதில் இல்லை, அளந்து கண்ட பதில். ஒரே கருவிலிருந்து பிரிந்த இரட்டையர் டி.என்.ஏ.வில் ஏறக்குறைய முழுவதும் ஒன்று. இரு வேறு கருவில் வந்த இரட்டையர் ஆளுக்கு ஆள் வேறுபடும் எழுத்துகளில் சாதாரண அண்ணன் தங்கை போலப் பாதி அளவே ஒத்திருப்பார்கள். இந்த இரண்டு வகை ஜோடிகளையும் ஒப்பிட்டு, ஒரு பண்பில் மரபணுவின் பங்கு எவ்வளவு என்று கணக்கிடுவார்கள். ஐம்பது ஆண்டுகளில் நடந்த இப்படிப்பட்ட ஆய்வுகளைத் திரட்டி 2015-ல் ஒரு பெரிய தொகுப்பு வெளியானது. அதில் 1.4 கோடிக்கும் மேற்பட்ட இரட்டையர் ஜோடிகள் இடம்பெற்றிருந்தார்கள். எல்லாப் பண்புகளையும் சேர்த்துப் பார்த்தபோது சராசரியாக 49% வந்தது.

குழந்தை வெற்றுப் பலகையாகப் பிறக்கிறது என்று நம்பியவர்களுக்கும், தலையெழுத்து பிறக்கும்போதே எழுதியாகிவிட்டது என்று நம்பியவர்களுக்கும் இந்த எண் இடம் தரவில்லை.

உயரம் 80% மரபுவழி என்கிறார்கள். அப்படியென்றால் என் உயரத்தில் 80% மரபணு தந்ததா?

இல்லை. இந்த ஒரு இடத்தில்தான் அதிகம் பேர் தடுக்கி விழுகிறார்கள், படித்தவர்கள் உட்பட. அதனால் கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன்.

இந்தச் சதவீதத்தை ஹெரிடபிலிட்டி என்பார்கள். மரபுவழிப் பங்கு என்று வைத்துக்கொள்ளலாம். இது ஒரு தனி ஆளைப் பற்றிய எண் அல்ல. ஒரு கூட்டத்தில், ஒரு காலத்தில், ஆளுக்கு ஆள் இருக்கும் வேறுபாட்டில் எவ்வளவு மரபணு வேறுபாட்டால் வந்தது என்பதைத்தான் அது சொல்கிறது. உங்கள் 165 சென்டிமீட்டரில் 132 மரபணு கொடுத்தது, மீதி 33 சாப்பாடு கொடுத்தது என்று பிரிக்கவே முடியாது.

கை விரல்களை எடுத்துக்கொள்ளுங்கள். கைக்கு ஐந்து விரல் முளைப்பது முழுக்க மரபணுவின் வேலை. ஆனால் ஒரு ஊரில் விரல் எண்ணிக்கை ஐந்தாக இல்லாதவர்களைக் கணக்கெடுத்தால், பெரும்பாலோர் இயந்திரத்திலோ விபத்திலோ விரலை இழந்தவர்களாக இருப்பார்கள். ஆகவே விரல் எண்ணிக்கையில் காணும் வேறுபாட்டுக்கு மரபுவழிப் பங்கு மிகக் குறைவாக வரும். முழுக்க மரபணு உருவாக்கிய ஒன்றுக்கு இவ்வளவு சிறிய எண். இந்த எண் எதைச் சொல்கிறது, எதைச் சொல்லவில்லை என்பதற்கு இதைவிட எளிதான உதாரணம் எனக்குக் கிடைத்ததில்லை.

இன்னொரு பக்கம். தென் கொரியப் பெண்களின் சராசரி உயரம் ஒரு நூற்றாண்டில் சுமார் 20 சென்டிமீட்டர் கூடியது. நூறு வருடத்தில் ஒரு நாட்டின் மரபணு அவ்வளவு மாறாது. சாப்பாடும் சுகாதாரமும் மாறின. ஒரே தலைமுறைக்குள் யார் நெட்டை, யார் குட்டை என்பதை மரபணு பெருமளவு தீர்மானிக்கிறது. அதே நேரம் எல்லாரும் சேர்ந்து வளர்ந்தும் விட்டார்கள். இரண்டும் ஒன்றாக உண்மையாக இருக்க முடியும்.

மரபுவழி என்றால் மாற்ற முடியாது என்றுதானே அர்த்தம்?

ஃபீனைல்கீட்டோனூரியா என்று ஒரு நோய். சுருக்கமாக பி.கே.யு. இதைப் பற்றி விரிவாகவே சொல்ல ஆசை.

1934-ல் நார்வேயில் ஒரு தாய் தன் இரண்டு குழந்தைகளையும் கூட்டிக்கொண்டு மருத்துவர் மருத்துவராக அலைந்தார். இருவருக்கும் மனவளர்ச்சி நின்றுபோயிருந்தது. அவர்கள் சிறுநீரில் ஒரு விநோதமான வாடை இருப்பதாக அவர் சொல்லிக்கொண்டே இருந்தார். யாரும் பொருட்படுத்தவில்லை. கடைசியில் அஸ்ப்யோர்ன் ஃபோலிங் என்ற மருத்துவர் காது கொடுத்துக் கேட்டார். சிறுநீரில் ஃபெரிக் குளோரைடு விட்டுப் பார்த்தார். பழுப்புக்கோ சிவப்புக்கோ மாற வேண்டியது அடர் பச்சையாக மாறியது. புரத உணவில் இருக்கும் ஃபீனைல் அலனின் என்ற பொருளை உடைக்கும் நொதி அந்தக் குழந்தைகளுக்கு வேலை செய்யவில்லை. அது உடலில் தேங்கி மூளையைக் கெடுத்துக்கொண்டிருந்தது. காரணம், தாய் தந்தை இருவரிடமிருந்தும் வந்த பழுதான ஒரே மரபணு.

சுமார் இருபது வருடம் கழித்து இங்கிலாந்தின் பர்மிங்காமில் இன்னொரு தாய். மகளுக்கு இரண்டு வயது; நிற்கவோ நடக்கவோ முடியாது. ஹோர்ஸ்ட் பிக்கெல் என்ற மருத்துவரிடம், வைத்தியம் இல்லை என்ற பதிலை ஏற்க மறுத்து, தினமும் காலையில் ஆய்வகத்து வாசலில் வந்து நின்றார். அவர் கொடுத்த நெருக்கடியில்தான் ஃபீனைல் அலனினை நீக்கிய உணவை அந்தக் குழுவினர் தயாரித்தார்கள். சில மாதங்களில் குழந்தை தவழ்ந்தது, நிற்கக் கற்றது.

1960-களில் ராபர்ட் கத்ரீ என்பவர், பிறந்த குழந்தையின் குதிகாலில் குத்தி எடுத்த சில துளி ரத்தத்தை வடிதாள் அட்டையில் ஊறவைத்து இந்த நோயைக் கண்டறியும் முறையைக் கொண்டுவந்தார். அந்த அட்டையை ஒருமுறை கையில் வாங்கிப் பார்த்திருக்கிறேன். வரிசையாக அச்சிட்ட சிறு வட்டங்கள், ஒவ்வொன்றிலும் காய்ந்து பழுப்பேறிய ஒரு பொட்டு. முதல் வாரங்களிலேயே கண்டுபிடித்து உணவை மாற்றினால், அந்தக் குழந்தை மற்றவர்களைப் போலவே படித்து வளர்கிறது. மரபணு அப்படியே இருக்கிறது, ஒரு எழுத்தும் மாறவில்லை. மாறியது தட்டில் வைக்கப்படும் உணவுதான்.

இனி யாராவது "அது மரபுவழி, ஒன்றும் செய்வதற்கில்லை" என்றால் எனக்கு அந்த இரண்டு தாய்மார்கள்தான் நினைவுக்கு வருகிறார்கள்.

குற்ற மரபணு, கோப மரபணு என்றெல்லாம் செய்தி வருகிறதே?

1965-ல் எடின்பரோ ஆய்வாளர்கள், ஆபத்தானவர்கள் என்று கருதப்பட்ட நோயாளிகளை அடைத்துவைக்கும் ஒரு காவல் மருத்துவமனையில் இருந்த ஆண்களில் சிலருக்கு ஒரு ஒய் குரோமோசோம் கூடுதலாக இருப்பதைக் கண்டார்கள். குரோமோசோம் என்பது செல்லுக்குள் டி.என்.ஏ. சுருட்டி வைக்கப்பட்டிருக்கும் பொட்டலம்; ஒய் ஆண்களிடம் மட்டும் இருப்பது. வெளியே இருப்பதைவிட அங்கே அந்த விகிதம் அதிகம். உடனே, "இரட்டை ஒய் ஆண் வன்முறையாளன்" என்ற எண்ணம் பத்திரிகைகள் வழியே பரவியது. பிறந்த ஆண் குழந்தைகளைச் சோதித்து அடையாளம் காண வேண்டும் என்றுகூடப் பேசினார்கள். ஆனால் ஏறக்குறைய 1,000 ஆண்களில் ஒருவருக்கு இப்படி இருக்கிறது. மிகப் பெரும்பாலோர் தங்களுக்கு அது இருப்பதே தெரியாமல் வாழ்ந்து முடிக்கிறார்கள். 1976-ல் டென்மார்க்கில் 4,000-க்கும் மேற்பட்ட உயரமான ஆண்களை ஆராய்ந்தபோது, இவர்கள் வன்முறைக் குற்றத்தில் கூடுதலாக ஈடுபட்டதற்குச் சான்று கிடைக்கவில்லை. அதற்குள் ஒரு தலைமுறைப் பெற்றோருக்குப் பயம் ஊறிவிட்டது.

அடுத்து, மூளையின் சில வேதிப்பொருள்களை உடைக்கும் நொதியைச் செய்யும் 'எம்.ஏ.ஓ.ஏ.' மரபணு. 1993-ல் நெதர்லாந்தில் ஒரு குடும்பத்தில் இது முழுதும் செயலிழந்திருந்ததையும், அந்த ஆண்களிடம் ஆவேசம் இருந்ததையும் கண்டார்கள். அது மிக அரிய பழுது. பிறகு, கொஞ்சம் மந்தமாக வேலை செய்யும் சாதாரண வடிவத்துக்கு "போர்வீரன் மரபணு" என்று பெயர் சூட்டினார்கள். சில மக்கள்தொகைகளில் அந்த வடிவம் ஆண்களில் மூன்றில் ஒருவருக்கு இருக்கிறது. மூன்றில் ஒருவருக்கு இருப்பதை வைத்து ஒருவரைக் குற்றவாளி என்று எப்படிச் சொல்வது? 2009-ல் இத்தாலியில் ஒரு மேல்முறையீட்டு நீதிமன்றம் இதையும் ஒரு காரணமாகக் கருதி ஒரு கொலையாளியின் தண்டனையில் ஒரு வருடத்தைக் குறைத்தது. எனக்கு இது தவறாகவே படுகிறது.

மனச்சோர்வுக்கும் இதே கதைதான். ஒற்றை ஒற்றை மரபணுவாக எடுத்துப் பல வருடங்கள் நூற்றுக்கணக்கான கட்டுரைகள் எழுதினார்கள். 2019-ல் லட்சக்கணக்கானோரின் தரவில் சரிபார்த்தபோது, பேர்பெற்ற அந்த மரபணுக்கள் எதேச்சையாக எடுத்த மரபணுக்களைவிட ஒன்றும் பெரிதாக இல்லை என்று தெரிந்தது. மனச்சோர்வில் மரபணுவுக்குப் பங்கு உண்டு. அது ஆயிரக்கணக்கான இடங்களில், ஒவ்வொன்றும் கடுகளவு, சிதறிக் கிடக்கிறது. உயரத்துக்கே 54 லட்சம் பேரை ஆராய்ந்து சுமார் 12,000 இடங்களை 2022-ல் கண்டார்கள். மனதுக்கு ஒன்றிரண்டு மரபணு போதும் என்று எதிர்பார்த்ததுதான் பிழை.

படிப்பு வருவதும் வராததும் மரபணுவிலா இருக்கிறது?

ஓரளவு. 2022-ல் சுமார் 30 லட்சம் பேரின் டி.என்.ஏ.வை ஆராய்ந்து, படிப்போடு தொடர்புள்ள மரபணு வடிவங்களை எல்லாம் கூட்டி ஆளுக்கொரு மதிப்பெண் போடும் முறையை உருவாக்கினார்கள். எத்தனை வருடம் படித்தார்கள் என்பதில் ஆளுக்கு ஆள் உள்ள வேறுபாட்டில் 12 முதல் 16% வரை அது விளக்கியது. சின்ன எண் இல்லை. ஆனால் அண்ணனையும் தம்பியையும் ஒரே வீட்டுக்குள் ஒப்பிட்டால் அதன் பலம் வெகுவாகச் சுருங்கிவிடுகிறது.

ஏன்? ஐஸ்லாந்தில் 2018-ல் செய்த ஒரு ஆய்வு அழகாக இதைக் காட்டியது. பெற்றோரிடம் இருந்து பிள்ளைக்கு வந்து சேராத மரபணு வடிவங்களை மட்டும் எடுத்துப் பார்த்தார்கள். வந்து சேர்ந்தவற்றுக்கு இருக்கும் தாக்கத்தில் ஏறக்குறைய 30% அவற்றுக்கும் இருந்தது! உடலுக்குள் வராத மரபணு எப்படிப் பிள்ளையின் படிப்பைத் தொடும்? வீட்டின் வழியாக. அந்த மரபணுக்கள் அப்பா அம்மாவை ஒரு விதமாக ஆக்கின, அவர்கள் வீட்டை ஒரு விதமாக ஆக்கினார்கள், பிள்ளை அதில் வளர்ந்தது. மரபணு ஆய்வின் நடுவிலிருந்தே வளர்ப்பு எழுந்து நிற்கிறது.

இன்னொன்று. இந்தத் தரவில் மிகப் பெரும்பங்கு ஐரோப்பிய வம்சாவளியினருடையது. வேறு மக்களிடம் அதே மதிப்பெண் சரியாக வேலை செய்வதில்லை. ஒரு தனிப் பிள்ளையின் எதிர்காலத்தை இதை வைத்துச் சொல்கிறேன் என்று யாராவது வந்தால் நம்பாதீர்கள்.

மரபியலின் பெயரால் நடந்த கொடுமைகள் என்னென்ன?

'யூஜெனிக்ஸ்' என்ற சொல்லை பிரான்சிஸ் கால்டன் 1883-ல் உருவாக்கினார். நல்ல பிறப்பைப் பெருக்கி, மற்றதைக் குறைப்பது என்பது அதன் சாரம். 1900-ல் மெண்டலின் பட்டாணி விதிகள் மறுபடி வெளிச்சத்துக்கு வந்தபோது, வறுமை, குடி, மந்த புத்தி எல்லாம் பட்டாணியின் சுருக்கம் போல ஒரே காரணியால் வருவதாக ஒரு கூட்டம் நம்பியது. சட்டமும் செய்தது.

கேரி பக் என்ற பெண்ணின் கதையை நான் ஒவ்வொரு வருடமும் வகுப்பில் சொல்கிறேன். அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலம். வளர்ப்பு வீட்டில் இருந்தபோது, அந்த வீட்டு உறவினன் ஒருவனின் பலாத்காரத்தால் பதினேழு வயதில் கர்ப்பமானாள். அவளை "மந்த புத்தி" என்று முத்திரை குத்தி 1924-ல் ஒரு காப்பகத்துக்கு அனுப்பினார்கள். அவள் அம்மாவும் ஏற்கெனவே அங்கேதான் இருந்தார். சில மாதக் குழந்தையான மகள் விவியனைப் பார்த்த ஒரு சமூகப் பணியாளர், பார்வை ஏதோ சரியில்லை என்று சாட்சி சொன்னார். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 1927-ல் எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில், கேரிக்குக் கட்டாயக் கருத்தடை செய்யலாம் என்று தீர்ப்பு வந்தது. மூன்று தலைமுறை மூடர்கள் போதும் என்று அதில் எழுதினார் நீதிபதி ஆலிவர் வெண்டல் ஹோம்ஸ்.

அந்த மூன்றாவது தலைமுறை, விவியன், பள்ளிக்குப் போனாள். சராசரியாகப் படித்தாள், ஒரு முறை சிறந்த மாணவர் பட்டியலிலும் பெயர் வந்தது. எட்டு வயதில் நோயில் இறந்தாள். கேரி 1983 வரை வாழ்ந்தார். அவரைப் பிற்காலத்தில் சந்தித்தவர்கள், அவர் தினமும் செய்தித்தாள் படித்ததையும் குறுக்கெழுத்துப் போட்டதையும் பதிவு செய்திருக்கிறார்கள். குடும்பத்தில் ஓடியதாகச் சொல்லப்பட்ட நோய் எங்கே இருந்தது? அந்த மூன்று பேரிடம் பொதுவாக இருந்தது ஏழ்மைதான்.

அமெரிக்காவில் 60,000-க்கும் மேற்பட்டோர் இப்படிக் கட்டாயக் கருத்தடைக்கு ஆளானார்கள். 1933-ல் நாஜி ஜெர்மனி கொண்டுவந்த சட்டத்தின் கீழ் சுமார் 4 லட்சம் பேர். போருக்குப் பின் நூரம்பெர்க்கில் நாஜிகள் மீது விசாரணை நடந்தபோது, தற்காப்புக்காக அந்த அமெரிக்கத் தீர்ப்பு எடுத்துக்காட்டப்பட்டது.

அப்படியானால் மரபியலே வேண்டாம் என்று ஒதுக்கிவிடுவது நல்லதல்லவா?

அதையும் ஒரு நாடு செய்து பார்த்தது. சோவியத் ஒன்றியத்தில் ட்ரோஃபிம் லைசென்கோ என்ற வேளாண் ஆய்வாளர், மரபணு என்பதே முதலாளித்துவக் கற்பனை, சூழலை மாற்றினால் பயிரின் பிறவிக்குணமும் மாறும் என்றார். அதிகாரத்துக்கு அது இனித்தது. 1948-ல் மரபியல் அங்கே அதிகாரபூர்வமாகத் தடைபட்டது. லைசென்கோவை எதிர்த்து நின்ற மரபியலாளர், உலகம் சுற்றி விதைகளைச் சேகரித்த நிக்கோலாய் வாவிலோவ், உலகுக்குப் பஞ்சம் வராமல் காக்க உழைத்தவர், 1940-ல் கைதாகி 1943-ல் சரடோவ் சிறையில் பட்டினியால் இறந்தார். இரண்டாம் உலகப் போரில் ஜெர்மன் படை லெனின்கிராட் நகரை முற்றுகையிட்டிருந்தபோது அவருடைய நிறுவனத்து ஊழியர்கள் சிலர், சுற்றிலும் நெல்லும் தானியமும் இருக்க, விதையைத் தொடாமல் பசியில் செத்தார்கள்.

பிறப்புதான் எல்லாம் என்ற நம்பிக்கையும் கொன்றது, பிறப்பில் ஒன்றுமில்லை என்ற நம்பிக்கையும் கொன்றது. இரண்டு இடத்திலும் விடையை முதலில் தீர்மானித்துவிட்டு அறிவியலைக் கையெழுத்துப் போடச் சொன்னார்கள்.

மனித இனங்கள் மரபணு அளவில் வேறு வேறா?

எந்த இரண்டு மனிதரை எடுத்தாலும் டி.என்.ஏ. எழுத்துகளில் சுமார் 99.9% ஒன்று. மீதியுள்ள வேறுபாடு எங்கே இருக்கிறது என்று மரபியலாளர் ரிச்சர்ட் லெவான்டின் 1972-ல் கணக்கிட்டார். சுமார் 85% ஒரே மக்கள் கூட்டத்துக்குள்ளேயே, அதாவது ஒரே ஊர்க்காரர்களுக்கு நடுவிலேயே இருந்தது. இனங்கள் என்று நாம் பிரித்து வைத்தவற்றுக்கு இடையே வெறும் 6% சொச்சம்.

இதைச் சொன்னால், முகத்தைப் பார்த்தே எந்தக் கண்டத்து ஆள் என்று சொல்ல முடிகிறதே என்று எதிர்க்கேள்வி வரும். நியாயமான கேள்வி. பல்லாயிரம் இடங்களைச் சேர்த்துப் பார்த்தால் ஒருவரின் முன்னோர் எந்தப் பகுதியினர் என்று கணினி நன்றாகவே சொல்லும். புவியியல் மரபணுவில் பதிவாகியிருக்கிறது. ஆனால் அது படிப்படியாக மங்கி மங்கி மாறும் நிறம் போன்றது. கோடு போட இடமில்லை. அதிக வேறுபாடு இருப்பது ஆப்பிரிக்காவுக்குள்ளேயே. தோல் நிறத்தை மாற்றும் மரபணு வடிவங்களில் பல, வெளிர் நிறத்துக்கானவையும் கரு நிறத்துக்கானவையும், நாம் ஹோமோ சேப்பியன்ஸ் ஆவதற்கு முன்பே ஆப்பிரிக்காவில் இருந்தவை.

ரத்தச் சிவப்பணுக்கள் அரிவாள் போல வளைந்துபோகும் அரிவாள் செல் ரத்தசோகையைக் கறுப்பின நோய் என்று நெடுங்காலம் சொன்னார்கள். 1954-ல் ஆண்டனி அலிசன் இதற்கும் மலேரியாவுக்கும் உள்ள தொடர்பைக் காட்டினார். அந்த மரபணு ஒற்றைப் பிரதியாக இருந்தால் மலேரியாவிலிருந்து காப்பு. ஆகவே கிரேக்கத்திலும் அரேபியாவிலும் இந்தியாவிலும் அது இருக்கிறது. மலேரியா இல்லாத தென்னாப்பிரிக்கப் பகுதிகளின் பழங்குடிகளிடம் அரிது. அது கொசுவின் வரைபடத்தைப் பின்பற்றியது, தோலின் வரைபடத்தை அல்ல.

வம்சாவளிப் பரிசோதனை தரும் சதவீதங்களை நம்பலாமா?

நெருங்கிய உறவுக்கு நம்பலாம். "உங்களுக்கு 12% இன்ன தேசம்" என்பது, இன்று அங்கே வாழ்பவர்களின் மாதிரியோடு ஒப்பிட்டுச் சொல்லும் மதிப்பீடு. நிறுவனத்துக்கு நிறுவனம் மாறும்.

எனக்கு இதில் பிடித்தது வேறு ஒரு கணக்கு. பெற்றோர் 2, தாத்தா பாட்டி 4, அடுத்து 8. முப்பது தலைமுறை பின்னால் போனால் 107 கோடி முன்னோர்கள் வேண்டும். அன்றைக்கு உலகத்தில் அவ்வளவு மனிதர்களே இல்லை. அப்படியானால் ஒரே ஆள் நம் மரத்தில் பல கிளைகளில் திரும்பத் திரும்ப வருகிறார், அதே ஆள் பக்கத்து வீட்டுக்காரர் மரத்திலும் வருகிறார். தூய ரத்தம் என்று பெருமை பேச இடமே இல்லை. ஆப்பிரிக்காவுக்கு வெளியே வேர்விட்டவர்களில் அழிந்துபோன ஆதி மனித வகையான நியாண்டர்தாலின் டி.என்.ஏ.வும் 1 முதல் 2% கலந்திருக்கிறது. 2010-ல் அந்த ஜீனோமை வாசித்த ஸ்வாண்டே பேபோவுக்கு 2022-ல் நோபல் கிடைத்தது.

பெண் குழந்தை பிறந்தால் தாயைக் குறை சொல்கிறார்களே?

1905-ல் நெட்டி ஸ்டீவன்ஸ் என்ற பெண் விஞ்ஞானி மாவுப்புழு வண்டுகளின் செல்களை நுண்ணோக்கியில் பார்த்து, பாலினத்தை முடிவு செய்வது விந்தணு சுமந்து வரும் குரோமோசோம் என்று காட்டினார். மனிதரிலும் அப்படியே. தாயிடம் எக்ஸ் மட்டும்தான் இருக்கிறது; எக்ஸா ஒய்யா என்பது தந்தையிடமிருந்து வருகிறது. எக்ஸ் வந்தால் பெண், ஒய் வந்தால் ஆண். அவரும் தேர்ந்தெடுத்துக் கொடுப்பதில்லை. நூறு வருடத்துக்கும் மேலாகத் தெரிந்த விஷயம் இது.

மரபியல் சமூகத்துக்கு நியாயம் வாங்கித் தந்திருக்கிறதா?

தந்திருக்கிறது. அர்ஜென்டினாவில் 1976 முதல் 1983 வரை ராணுவ ஆட்சி. கடத்தப்பட்ட கர்ப்பிணிகளைப் பிரசவம் வரை உயிரோடு வைத்திருந்து, குழந்தையை எடுத்துக்கொண்டு, தாயைக் கொன்றார்கள். குழந்தைகள் பொய்ப் பெயரில், பல நேரம் ராணுவத்துக்கு வேண்டியவர்கள் வீட்டிலேயே வளர்ந்தன. சுமார் 500 குழந்தைகள் என்பது அவர்களைத் தேடிய பாட்டிமார்களின் மதிப்பீடு. 1977-ல் அந்தப் பாட்டிகள் ஒன்றுசேர்ந்தார்கள். பிள்ளை இல்லை, மருமகள் இல்லை. நடுத் தலைமுறையே அழிந்துவிட்டது. நடுவில் ஆளில்லாமல் பாட்டியையும் பேரனையும் இணைக்க முடியுமா என்று விஞ்ஞானிகளைத் தேடிப்போய்க் கேட்டார்கள்.

அமெரிக்க மரபியலாளர் மேரி-கிளேர் கிங் அந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டார். செல்லுக்கு ஆற்றல் தரும் மைட்டோகாண்ட்ரியா என்ற பகுதிக்குள் தனியாக இருக்கும் டி.என்.ஏ. தாய்வழியாக மட்டுமே, ஏறக்குறைய மாறாமல் வரும். ஆகவே தாயைப் பெற்ற பாட்டியிடம் இருப்பதும் பேரப்பிள்ளையிடம் இருப்பதும் ஒன்றாக இருக்கும். 1987-ல் அந்நாடு இதற்கென்றே ஒரு தேசிய மரபணு வங்கியை அமைத்தது. பாட்டிகள் ரத்தம் கொடுத்துவிட்டுக் காத்திருந்தார்கள். சிலர் பேரக்குழந்தையைப் பார்க்காமலே கண்மூடினார்கள், ரத்தம் மட்டும் வங்கியில் காத்திருந்தது. இதுவரை 130-க்கும் மேற்பட்டவர்கள் தங்கள் உண்மையான பெயரை அறிந்திருக்கிறார்கள்.

இங்கிலாந்தில் அலெக் ஜெஃப்ரிஸ் 1984-ல் கண்டுபிடித்த, டி.என்.ஏ.வை வைத்து ஆளை அடையாளம் காணும் டி.என்.ஏ. ரேகை முறையும் அப்படித்தான். முதல் கொலை வழக்கில் அது முதலில் செய்தது, செய்யாத கொலையை ஒப்புக்கொண்டிருந்த 17 வயது இளைஞனை விடுவித்ததுதான். உண்மையான கொலையாளி பிறகே சிக்கினான்.

தாத்தா பாட்டி பட்ட துயரம் பேரப்பிள்ளைகளுக்கு மரபணு வழியாக வருமா?

1944-45 குளிர்காலத்தில் நெதர்லாந்தில் கடும் பஞ்சம். அப்போது கருவில் இருந்தவர்களை அறுபது வருடம் கழித்துச் சோதித்தபோது, சில மரபணுக்களின் மேல் உள்ள வேதிக்குறிகள் மாறியிருந்தன. எழுத்து மாறவில்லை, எழுத்தின் மேல் ஒட்டிய குறி மாறியது. ஆனால் அவர்கள் பஞ்சத்தைக் கருவிலேயே நேராக அனுபவித்தவர்கள். அதற்கடுத்த தலைமுறைகளுக்கும் மனிதரில் இது கடந்து போகிறது என்பதற்கு உறுதியான சான்று இல்லை. துயரம் வீட்டுப் பேச்சிலும் மௌனத்திலும் கடந்து வருகிறது, அதற்கு டி.என்.ஏ. தேவையில்லை.

எதிர்காலத்தில் வரப்போகும் நோயைத் தெரிந்துகொள்ளலாமா, வேண்டாமா?

ஹண்டிங்டன் நோய் இதைக் கூர்மையாக்குகிறது. ஒரு மரபணுவில் சி, ஏ, ஜி என்ற மூன்றெழுத்து திரும்பத் திரும்ப வரும். 40 தடவையோ அதற்கு மேலோ வந்தால், பெரும்பாலும் நடுவயதில், உடலும் மனமும் கட்டுப்பாடிழக்கும் நோய் வந்தே தீரும். பெற்றோரில் ஒருவருக்கு இருந்தால் பிள்ளைக்கு வர 50% வாய்ப்பு. 1993-ல் மரபணுவைக் கண்டுபிடித்தார்கள். ஒரு ரத்தப் பரிசோதனையில் தெரிந்துவிடும். எல்லாரும் வரிசையில் நிற்பார்கள் என்று எதிர்பார்த்தார்கள். ஆபத்து வளையத்தில் இருப்பவர்களில் பெரும்பாலோர் இன்றுவரை சோதித்துக்கொள்வதில்லை. அந்தத் தேடலுக்குத் தலைமை தாங்கிய நான்சி வெக்ஸ்லரின் அம்மா அதே நோயில் இறந்தவர்.

தெரியாமல் இருக்கும் உரிமையும் உரிமைதான். அப்புறம், உங்கள் முடிவு உங்களோடு நிற்பதில்லை. உங்களுக்கு இருக்கிறது என்றால் உங்கள் தாயிடமோ தந்தையிடமோ இருந்தது என்று அவர்கள் கேட்காமலே சொல்லிவிடுகிறீர்கள். வைத்தியமோ தடுப்போ இருக்கும் நோய் என்றால் சோதித்துக்கொள்ளுங்கள் என்றுதான் சொல்வேன். ஒன்றும் செய்ய முடியாத நோய் என்றால் வீட்டாரோடு உட்கார்ந்து பேசாமல் போகாதீர்கள்.

மரபணுவைத் திருத்திக் குழந்தையைப் பெறுவது சரியா?

நோயாளியின் சொந்த உடல் செல்லைத் திருத்துவதை மனதார வரவேற்கிறேன். டி.என்.ஏ.வைக் குறிப்பிட்ட இடத்தில் வெட்டித் திருத்தும் கிறிஸ்பர் முறையில் அரிவாள் செல் நோய்க்கான சிகிச்சை 2023-ல் பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் அனுமதி பெற்றது. கருவைத் திருத்துவது வேறு. 2018-ல் சீனாவில் ஹெ ஜியான்குய் என்ற விஞ்ஞானி, இரட்டைப் பெண் குழந்தைகளைக் கருவிலேயே திருத்திப் பிறக்க வைத்ததாக அறிவித்தார். மூன்று வருடச் சிறைத் தண்டனை கிடைத்தது. அந்தக் குழந்தைகள் எதற்கும் சம்மதிக்கவில்லை. அவர்களுக்குப் பின் வருபவர்களும்தான். புத்திசாலிக் குழந்தை, உயரமான குழந்தை என்று கருவைத் தேர்ந்தெடுத்துத் தருகிறேன் என்பவர்களிடம் கேரி பக்கின் கதையைச் சொல்ல வேண்டும் போல இருக்கிறது.

என் குழந்தைக்கு மரபணு நோய். என்னால்தானே வந்தது?

இந்தக் கேள்வியை ஒரு தாய் என்னிடம் கேட்டார். மகனின் பரிசோதனை அறிக்கையை நாலாக மடித்துக் கைக்குள் வைத்திருந்தார். வியர்வையில் ஓரம் ஈரமாகியிருந்தது. கணவர் வீட்டில் அவர் பக்கத்துக் குறை என்று பேச்சு.

அறிக்கையைப் பிரித்துக் காட்டச் சொன்னேன். ஒடுங்கு பண்பு நோய். அது வர வேண்டுமென்றால் இரண்டு பக்கமும் ஒரு பழுதான பிரதி வந்தாக வேண்டும். அம்மா பக்கம் ஒன்று, அப்பா பக்கம் ஒன்று. இப்படிப் பழுதான சில பிரதிகளை, நான் உட்பட, கிட்டத்தட்ட எல்லாருமே தெரியாமல் சுமக்கிறோம். அதே மரபணுவில் அதே பழுது உள்ள இருவர் சந்தித்தால்தான் வெளியே தெரியும். அப்போதும் ஒவ்வொரு பிரசவத்திலும் 25% வாய்ப்புதான். முதல் குழந்தைக்கு வந்துவிட்டதால் அடுத்ததற்கு வராது என்றும் இல்லை, வந்தே தீரும் என்றும் இல்லை. வேறு சில நோய்கள் புதிதாக முளைத்த மாற்றத்தால் வருபவை. ஒவ்வொரு குழந்தையும் பெற்றோர் இருவரிடமும் இல்லாத சுமார் 60 முதல் 70 புதிய எழுத்து மாற்றங்களோடு பிறக்கிறது. அவை எங்கே விழும் என்பது யார் கையிலும் இல்லை.

அவரிடம் ஒரு தாளில் வட்டமும் சதுரமும் வரைந்து காட்டினேன். வட்டம் அவர், சதுரம் கணவர், இருவரிலும் பாதி நிழல், கீழே மகன். அந்தத் தாளை எடுத்துக்கொள்ளலாமா என்று கேட்டார். அறிக்கையோடு சேர்த்து மடித்து வைத்துக்கொண்டு, அடுத்த வாரம் மரபணு ஆலோசகரிடம் கணவரையும் கூட்டிக்கொண்டு போவதாகச் சொல்லிவிட்டுப் போனார்.